கறுப்பு நகமும் ஒரே வெட்டும்

என் வீட்டுக்காரர் தையல்கடையில் துணி வெட்டுபவர். எதையும் ஒரே வெட்டில் முடிப்பதில் அவருக்கு அப்படியொரு கர்வம். எங்கள் நாய்க்கு நகம் வெட்டும்போதும் அதே திமிர்தான். "கறுப்பு நகம், உள்ளே இருக்கிற ரத்தக்குழாய் தெரியாது. நுனியில கொஞ்சம் கொஞ்சமா வெட்டுங்க, மிச்சத்தை அரத்தால ராவிக்கலாம்" என்று தலைப்பாடாக அடித்துக்கொண்டேன். காதில் வாங்கினால்தானே! நறுக்கென்று வெட்டினார். நாய் வீறிட்டது, தரையெல்லாம் ரத்தம்.

"சனியன், அசைஞ்சு தொலைச்சிடுச்சு" என்று பழியை அதன்மேல் போட்டாரே, எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சோளமாவை நகத்தில் வைத்து அழுத்தினேன். ரத்தம் நின்றதும் நகவெட்டியை எடுத்தேன்.

"உங்க விரலை நீட்டுங்க. ஒரே வெட்டா வெட்டுறேன்."

வெடுக்கென்று கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டார்.

"அசையாதீங்க" என்றேன்.