கீரிக்குட்டியின் கடைசிப் பக்கம்

தொண்ணூற்றொன்பதாம் ஆண்டில் கொழும்பு வெள்ளவத்தையில் நேசமலரின் குரலைக் கேட்காமல் லொட்ஜில் தங்கியவர் இருந்திருக்க முடியாது. கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கை ஒன்றில், லொட்ஜுக்குக் கீழே இருந்த தொலைபேசிக் கடையில் அவளுக்கு வேலை. வெளிநாட்டிலிருந்து அழைப்பு வந்தால் வாசலில் நின்று அண்ணாந்து, "பன்னிரண்டாம் ரூம், சுவிஸ் கோல்!" என்று கத்துவாள். மூன்று மாடிக்கும் கேட்கும். பொலிஸ் பதிவுத் துண்டும் விசா விண்ணப்பமுமாகக் காத்துக் கிடந்த பெண்கள் சோற்றுக் கையோடு ஓடி வருவார்கள்.

அவளுக்கு ஐம்பத்து மூன்று வயது. ஏன் கல்யாணம் முடிக்கவில்லை என்று கேட்டால், "நேரம் கிடைக்கேல்லை" என்பாள். வெளிநாட்டில் அவளுக்கென்று ஒருவருமில்லை. ஊருக்கெல்லாம் கோல் வரும் கடையில் அவளுக்கு மட்டும் ஒருநாளும் வந்ததில்லை. அதற்காக மூக்கைச் சிந்திக்கொண்டிருக்கிற ஆளுமல்ல. கண்ணாடிக் கூண்டுக்குள் ஒருத்தி கதைக்கும்போது வெளியே மூன்று பேர் நிற்பார்கள். பத்து நிமிடம் தாண்டினால் நேசமலரின் மோதிர விரல் கண்ணாடியில் டொக் டொக்கென்று விழும். அந்த விஷயத்தில் ஈவிரக்கமே கிடையாது.

தாய்மார் கூண்டுக்குள் போனதும் பிள்ளைகள் கடையைத் தலைகீழாக்குவார்கள். அவர்களை அடக்க அவளிடம் ஒரு படப் புத்தகம் இருந்தது. அவசரமாக விமானமேறிய யாரோ விட்டுப்போனது. எந்த நாட்டு எழுத்தோ தெரியாது; ஒன்றின் தலையில் வட்டம், இன்னொன்றில் இரண்டு பொட்டு. படங்களில் ஒரு குட்டி மிருகம். கரடியுமில்லை, நாயுமில்லை. நேசமலர் அதைக் கீரிக்குட்டி ஆக்கினாள். கீரிக்குட்டிக்குக் கேக் செய்ய ஆசை. மாத் தேடிப் போய் மழையில் நனைகிறது, ஆறு முட்டைக்காகக் கோழியிடம் கெஞ்சுகிறது, விழுகிறது, எழும்புகிறது, விடுகிறதாயில்லை. கடைசியில் தட்டை அடுப்புக்குள் தள்ளிவிட்டு அதன் கதவுக்கு முன்னால் குந்தியிருக்கிறது. அதற்கு மேல் பக்கமில்லை, கிழிந்துவிட்டது.

அது ஒரு குறையாக அவளுக்குப் பட்டதேயில்லை. கோல் எவ்வளவு நீளமோ கதையும் அவ்வளவுதான். தாய் அழுதழுது கதைத்தால் மழையை இன்னும் கொஞ்சம் பெய்யவிடுவாள். புருசனோடு சண்டை பிடித்து டக்கென்று வைத்துவிட்டால் கீரி மாப்பையோடு நின்றுவிடும். அடுப்புவரை போன பிள்ளை கிடையாது.

றமீலா மட்டும் போனாள். ஆறு வயது, சாவகச்சேரிப் பிள்ளை. தகப்பன் சுவீடனிலிருந்து நாள் தவறாமல் கோல் எடுப்பார். றமீலாவும் நாள் தவறாமல், நேற்று விட்ட இடத்திலிருந்து சொல்லும்படி வந்து நிற்பாள். இப்படியே ஒருநாள் புத்தகம் முடிந்துபோயிற்று.

"கேக் வந்ததோ அன்ரி?"

"ஓம், வந்தது. நல்லாப் பொங்கி வந்தது."

"நீங்கள் பாத்தனீங்களோ?"

"பாக்காமலோ சொல்லுறன்?"

"பக்கம் இல்லைத்தானே. எப்பிடிப் பாத்தனீங்கள்?"

பிள்ளை யோசித்துவிட்டுத் தானே சொன்னாள்: "அது கருகிப்போச்சு. அதுதான் கிழிச்சுப் போட்டிட்டினம்."

மறுநாள் அவர்களுக்கு விசா வந்தது. சனிக்கிழமை பத்து மணிக்குக் கட்டுநாயக்கா விமான நிலையத்துக்கு வான். நேசமலருக்கு வேலை ஓடவில்லை. இவ்வளவு பாடுபட்ட கீரியின் கேக் கருகிப்போனது என்ற நினைப்போடு பிள்ளை பிளேன் ஏறுவதை அவளால் பொறுக்க முடியவில்லை. பெரிய மனுசி, பொய்வேறு சொல்லிப் பிடிபட்டிருக்கிறாள். செய்துதான் காட்ட வேண்டும், கீரி செய்த மாதிரியே.

அவள் பிறவிச் சைவக்காரி, முட்டையைக் கையால் தொட்டவளல்ல. வியாழக்கிழமை பின்னேரம் பாமன்கடைப் பகுதியிலிருந்த தன் அறையில் புத்தகத்தைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு ஆறையும் உடைத்தாள். பக்கம் பக்கமாகப் பார்த்துச் செய்தாள். ஒரு பக்கத்தை மட்டும் விட்டுவிட்டாள். அதில் ஒரு சின்னத் தகரப் பேணி, கீரியின் மூக்கெல்லாம் வெள்ளை. குளித்துவிட்டு முகத்துக்குப் பவுடர் பூசுகிறது என்றுதான் இத்தனை நாளும் பிள்ளைகளுக்குச் சொல்லியிருந்தாள். நம்மவர் வீட்டில் குளித்த பிள்ளை பவுடர் பூசாமல் வெளியே வருமா?

அவளிடம் கேக் சுடுகிற அடுப்பில்லை. தெருமுனையில் செபஸ்தியனின் பேக்கரி இருந்தது. பாண் இறக்கிய சூட்டில் அக்கம்பக்கத்தாரின் கேக் தட்டுகளையும் அவன் வைத்துக் கொடுப்பான். நேசமலரின் கேக் உள்ளே போன உயரத்திலேயே வெளியே வந்தது.

"மதில் கட்டலாம் அக்கா இதால," என்றான் செபஸ்தியன். புத்தகத்தை வாங்கிப் புரட்டினான். பேணிப் படத்தைக் காட்டி, "இது போட்டீங்களா?" என்று கேட்டான்.

"அது கீரி பூசுறது."

செபஸ்தியன் மாச்சாக்கில் உட்கார்ந்து சிரித்தான். "ஐயோ அக்கா, அது அப்பச்சோடா மாதிரி ஒரு சாமான். அது போட்டாத்தான் கேக் எழும்பும்."

வெள்ளிக்கிழமை இன்னும் ஆறு முட்டை. இந்த முறை பொங்கியது. பாண் சுடும் போரணையின் பின்பக்கச் சூடு கடுமை. அதனால் ஒரு ஓரம் கருகியும் இருந்தது. நேசமலர் அந்தக் கரியைப் பார்த்துக்கொண்டே நின்றாள். இன்னொரு முறை செய்ய நாளில்லை.

சனிக்கிழமை காலை சோதனைச் சாவடியில் ஆமிக்காரன் தட்டை மூடியிருந்த துணியை விலக்கிப் பார்த்தான். "மல்லி, கேக். லமயிண்ட்ட," என்று அவனைத் தம்பி என அழைத்து, பிள்ளைகளுக்கானது என்பதைத் தனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னாள். உள்ளே ஒன்றுமில்லை என்று காட்ட நடுவால் வெட்டச் சொன்னான். வெட்டினாள். ஒரு துண்டை நீட்டினாள். அவன் வாங்கவில்லை, போ என்று கையைக் காட்டினான்.

லொட்ஜ் வாசலில் வான் புறப்பட நின்றது. புதுச் சப்பாத்தோடு றமீலா தட்டைச் சுற்றி வந்து பார்த்தாள்.

"கருகித்தானே இருக்கு."

"ஒரு பக்கந்தான் பிள்ளை. மற்றப் பக்கத்தைத் தின்று பார்."

தின்றாள். இன்னொரு துண்டும் எடுத்தாள். "ஓம், வந்துதான் இருக்கு," என்று வாய் நிறையச் சொன்னாள். வான் போய்விட்டது. அன்று முழுவதும் நேசமலரின் குரல் முதலாம் மாடிக்கே கேட்கவில்லை. அந்தப் பிள்ளை போனது அவளுக்கு அவ்வளவு துக்கமாக இருந்தது.

மார்கழியில் ஒரு கோல் வந்தது.

"எந்த ரூம்?" என்றாள் வழக்கம்போல.

"ரூம் இல்லை. நேசமலர் அன்ரி." றமீலாவின் குரல். "அன்ரி, எங்கட பள்ளிக்கூடத்தில அந்தப் புத்தகம் இருக்கு. அது கீரி இல்லையாம். நான் கீரி எண்டுதான் சொன்னனான்."

நேசமலர் ரிசீவரைக் காதோடு அழுத்தினாள். "கடைசிப் பக்கம் இருக்கோ?"

"இருக்கு."

"கேக் வந்ததோ?"

"வந்தது. ஒரு பக்கம் கருகித்தான் இருக்கு. ஆனா எல்லாரும் இருந்து சாப்பிடினம்."

"நீ பாத்தனியோ?"

"பாத்தனான் அன்ரி. முதல்ல இருந்து சொல்லட்டோ?"

நேசமலர் கோலைக் கண்ணாடிக் கூண்டுக்கு மாற்றிவிட்டு, உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு ரிசீவரை எடுத்தாள். அங்கே கீரி மாத் தேடிப் புறப்பட்டது. மழையும் வந்தது. கோழியிடம் அது கெஞ்சிக்கொண்டிருக்கையில் வெளியே யாரோ டொக் டொக்கென்று கண்ணாடியில் தட்டினார்கள். நேசமலர் திரும்பிப் பார்க்கவில்லை.