ரோஸ் பெயிண்ட்

கலை இயக்குநர் என்றால் அரண்மனை கட்டுகிறவன் என்று ஊரில் நினைக்கிறார்கள். எனக்கு வாய்த்ததெல்லாம் ஏழை வீடுகள்தான்.

சுனாமிக்கு நாலைந்து வருடம் கழித்து ஒரு படம். இன்றைக்கோ நாளைக்கோ விழப்போகிற மாதிரி ஒரு வீடு வேண்டும் என்றார் இயக்குநர். கடலூரிலிருந்து தேடிக்கொண்டே போய், அண்ணாமலை நகருக்குப் பின்னால் ஒன்றைக் கண்டுபிடித்தேன். காரை பெயர்ந்து, மழைத்தண்ணீர் வழிந்த கறையோடு அப்படியொரு சுவர். அந்தக் கறையை எந்தப் பெயிண்டராலும் கொண்டுவர முடியாது. பல வருட ஐப்பசி மழை வேண்டும்.

படப்பிடிப்புக்கு முதல் நாள் போய்ப் பார்த்தால், வீடு ரோஸ் நிறத்தில் பளபளக்கிறது. வாசலில் வாழைமரம் வேறு.

"சினிமாக்காரங்க வர்றீங்க, வூடு அழுக்கா இருந்தா நல்லாவா இருக்கும் சார்?" என்றார் வீட்டுக்காரர்.

பொழுது சாயும்வரை அந்தப் பாழாய்ப்போன புதுச் சுவரைக் கொத்தி, டீத்தூள் தண்ணீரும் கரியும் பூசினோம். அவர் எதிரே நாற்காலி போட்டு, எழவு வீட்டுக்கு வந்தவர் போல உட்கார்ந்திருந்தார்.

படம் வந்தது. நிஜ வீட்டிலேயே எடுத்ததால் கலை இயக்குநருக்கு வேலையே இல்லை என்று ஒரு பத்திரிகை பாராட்டியது. அதை இயக்குநர் எனக்கே போன் போட்டுப் படித்துக் காட்டினார்.

கடலூர் தியேட்டரில், இடைவேளையில் அந்த வீட்டுக்காரர் என்னைப் பார்த்துவிட்டார். குடும்பத்தையே கூட்டிவந்திருந்தார். பக்கத்திலிருந்தவரிடம் என்னைக் கைகாட்டிச் சொன்னார்:

"மாமா, நம்ம வூட்ட நாசம் பண்ணது இவருதான்."

நன்றி என்றேன். மனசாரத்தான் சொன்னேன்.