யுக்-சிம் சாகாத படம்

மாக் யுக்-சிம் திரையில் இருந்தது நான்கே வருடம். அதற்குள் அவள் சாகாத சாவு இல்லை. காசநோயில் இருமிச் செத்தாள், கிணற்றில் குதித்தாள், மாமியார் கொடுமையில் பிரசவத்தோடு போனாள். அவள் கண்ணை மூடினால் ஹாங்காங்கின் கௌலூன் பகுதிச் சினிமாக் கொட்டகைகளில் மூக்கு உறிஞ்சாத ஆள் கிடையாது. அப்படியொரு கெட்டிக்காரி.

படத்தில் செத்தவரைச் சும்மா வீட்டுக்கு அனுப்புவது ஹாங்காங்கில் வழக்கமில்லை. காட்சி முடிந்ததும் தயாரிப்பு நிர்வாகி சிவப்பு உறையில் சில்லறை வைத்துக் கொடுப்பார். பீடை கழிய வேண்டுமே. அதை உடனே செலவழித்துவிட வேண்டும். யுக்-சிம் எல்லாருக்கும் கரும்புச் சாறு வாங்கிக் கொடுப்பாள்.

"நீ செத்தாத்தான்டி எங்க நாக்குக்கு இனிப்பு" என்று ஒப்பனைக்கார ஃபூன் அக்கா கிண்டலடிப்பாள்.

அம்மாவுக்கு மட்டும் அது இனிக்கவில்லை. மகளின் ஒரு படத்தையும் விடமாட்டாள். பார்த்துவிட்டு வந்து, தூங்கும் மகளின் மூக்கருகே விரல் வைத்துப் பார்ப்பாள். கடைசியில் அம்மாவின் நெஞ்சுதான் கெட்டுப்போனது. டாக்டர் கையை விரித்துவிட்டார்.

"ஒரு படத்துலயாவது நீ உசுரோட இருக்கறதப் பாத்துட்டாப் போதும்டி" என்றாள் அம்மா.

யுக்-சிம் டைரக்டர் டாமிடம் போய் நின்றாள். "ஐயா, இந்த ஒரு படத்துல என்னைப் பொழைக்க வச்சிருங்க."

"நீ பொழைச்சா எவன் டிக்கெட் வாங்குவான்? உன் சாவுதாம்மா நம்ம சோறு. போய்ப் படு."

பிலிம் விற்ற விலையில் டாம் எந்தக் காட்சியையும் இரண்டாம் தடவை எடுத்ததில்லை. கடைசிக் காட்சிக்கு மிச்சமிருந்தது ஒரே ஒரு சுருள். அது யுக்-சிம்முக்குத் தெரியும். ஏறுக்குமாறாக ஏதாவது செய்தால் இனி எவனும் கூப்பிட மாட்டான் என்பதும் தெரியும்.

கேமரா ஓடியது. படுக்கையில் இருமினாள், கணவனாக நடித்தவன் கையைப் பற்றினாள், கண்ணை மூடினாள். அவன் அழத் தொடங்கினான். யுக்-சிம் மெல்லக் கண்ணைத் திறந்தாள். எழுந்து உட்கார்ந்து, தலைமாட்டில் இருந்த மருந்துக் கிண்ணத்தை எடுத்து, முகம் சுளித்தபடி மிச்சமில்லாமல் குடித்தாள்.

"பசிக்குதுங்க. கஞ்சி இருக்கா?" என்றாள்.

அவன் திகைத்து நிஜமாகவே அழுதான். அவன் வாழ்நாளில் அவ்வளவு நன்றாக நடித்ததே இல்லை. சுருள் தீர்ந்தது.

டாம் நாற்காலியை உதைத்துவிட்டு வெளியே போனார். நிர்வாகி பழக்கதோஷத்தில் சிவப்பு உறையை நீட்டினார்.

"வேணாம்ணே. நான்தான் சாகலையே."

வேறு வழியில்லாமல் படத்தை அப்படியே வெளியிட்டார்கள். சுமாராக ஓடியது. அதற்குப் பிறகு யுக்-சிம்மை யாரும் கூப்பிடவில்லை.

பகல் காட்சிக்கு அம்மாவைக் கைத்தாங்கலாக அழைத்துப் போனாள். அம்மா கைக்குட்டையைப் பிடித்தபடி காத்திருந்தாள்; விளக்கு போட்ட பிறகும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கஞ்சி கேட்டியே, அந்த மனுஷன் குடுத்தானா?" என்றாள்.

"குடுத்திருப்பாரும்மா."

வீட்டுக்கு வந்ததும் அம்மா அசந்து தூங்கிப்போனாள். யுக்-சிம் குனிந்து, அவள் மூக்கருகே விரல் வைத்துப் பார்த்தாள்.