ஓட்டுப் பெட்டியின் சாவி

விமர்சகர்கள் ஓட்டுப் போட்டு ஆண்டுதோறும் திரைப்பட விருது கொடுக்கும் சங்கத்தில், இருபது வருடமாக ஓட்டுப் பெட்டியின் சாவி வாசல்காரரிடம்தான் இருந்தது. சங்க அரங்கத்துக்குப் படம் பார்க்க வருபவர்களைக் கதவருகில் நின்று எண்ணுவதும் அவர்தான். இந்த வருடம் ஜெயித்த படத்தைப் பார்க்க ஆறு பேர் வந்தார்கள். விழுந்த ஓட்டோ பத்தொன்பது. சங்கச் செயலாளரான அக்காள் புருஷன் போன வாரம் சாவியை இரவல் வாங்கியது அவருக்கு உறுத்தியது.

“பாக்காத படத்துக்கு எப்படி அத்தான் ஓட்டுப் போட்டாங்க?”

“வேற எங்கயாவது பாத்திருப்பாங்க மாப்ள. நீ கதவைப் பாரு.”

“நம்ம அரங்கத்தைத் தவிர அது எங்கயும் ஓடலையே.”

அத்தான் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். குட்டு உடைந்தால் பழி சாவிக்காரன் தலையில்தான் விழும். வாசல்காரர் சாவியை மேசைமேல் வைத்தார்.

“இனி நீங்களே வச்சுக்குங்க. ஏன் குடுத்தேன்னு அக்கா கேட்டா நான் சொல்லிக்கிறேன்.”