தூங்குற காவல்காரனை அடிக்காத சகுந்தலா அக்கா

சகுந்தலா அக்கா போயிட்டாங்க. இன்னிக்குக் காலைல.

அவங்க மக போன் பண்ணினா. மைசூர் விஜயநகர் வீட்டுல காபி குடிச்சுட்டு நாற்காலில சாஞ்சவங்க... அப்படியே. வலி இல்ல, ஐசியூ இல்ல.

இந்த ஒரு வருஷமா வியாதியோட அவங்க பட்ட பாட்டைப் பக்கத்துல இருந்து பார்த்தவ நான். அழுகைக்கு முன்னாடி ‘அப்பாடா’ன்னுதான் வந்துச்சு. தப்பா எடுத்துக்காதீங்க.

தொண்ணூறுகள்ல மைசூர்ல ஒரு சின்ன டிடிபி சென்டர். ரெண்டு கம்ப்யூட்டர், ரெண்டு ஆபரேட்டர்... அக்காவும் நானும்.

அக்காவுக்கு ஊர் கௌதள்ளி, தமிழ்நாட்டு எல்லைப் பக்கம். ஓனர்கிட்ட கடகடன்னு கன்னடம் பேசிட்டு என் பக்கம் திரும்புனா “ஏங்கண்ணு, சாப்டலாமா?”ன்னு ஊர்த் தமிழுக்கு மாறிடுவாங்க.

கொசுவம் கலையாத காட்டன் புடவை, இறுக்கிப் பின்னின சடை, பார்த்தா டீச்சர் மாதிரி இருப்பாங்க. ஆனா லஞ்ச் டைம் ஆனா கேம்!

யாரோ கஸ்டமர் ஃப்ளாப்பில கொண்டு வந்து போட்டுட்டுப் போன கேம். ஒரு அரண்மனை, நிறைய கதவு. கடைசிக் கதவுல ஒரு காவல்காரன் தூங்கிட்டு இருப்பான். அவனைக் கொன்னாத்தான் கதவு திறக்கும். ஜெயிச்சுடலாம்.

அக்கா அங்க வரைக்கும் போயிட்டு எப்பவும் நிறுத்திடுவாங்க. “அதுபாட்டுக்குத் தூங்குது பாவம். எதுக்கு அடிக்கோணும்?”

அந்த சமயத்துல எங்ககிட்ட ஒரு பெரிய வேலை நடந்துட்டு இருந்துச்சு. மேல்கோட்டைலேருந்து ஒரு பெரியவர் பஸ் ஏறி வருவார், நாங்க சாமின்னு கூப்பிடுவோம். மேல்கோட்டை ஐயங்கார் வீடுகள்ல பேசற பழைய தமிழுக்கு ஒரு அகராதி.

அவருக்குக் கண்ணு கிட்டத்தட்ட போயிருந்தது. எழுதி வெச்சது எதுவும் கிடையாது. அவர் சொல்லச் சொல்ல அக்கா டைப் பண்ணுவாங்க. மாசக்கணக்குல. எல்லாம் அக்காவோட மெஷின்ல மட்டும்தான். காப்பி எடுத்த ஃப்ளாப்பி பூஞ்சை பிடிச்சுப் போயிருந்தது. புதுசு வாங்கணும்னு சொல்லிட்டே இருந்தோம்...

ஒரு நாள் மத்தியானம் அக்கா வழக்கம்போல காவல்காரன் வரைக்கும் போனாங்க. அன்னிக்கு நிறுத்தல. திரும்பி, வந்த வழியே நடந்து, எல்லாக் கதவையும் தாண்டி வாசலுக்கே வந்துட்டாங்க.

ஸ்க்ரீன் நடுங்குச்சு. எழுத்தெல்லாம் உதிர்ந்து கீழே விழுந்துச்சு. அப்புறம் இங்கிலீஷ்ல... ‘நீ விளையாட்டை உடைச்சுட்ட. எல்லாத்தையும் அழிக்கிறேன்.’

அதுக்குக் கீழே எங்க ஃபைல் பேரு ஒவ்வொண்ணா ஓடுச்சு. கல்யாணப் பத்திரிகை, ரசீது புக்... சாமியோட அகராதி. ஒவ்வொண்ணுக்கும் பக்கத்துல ‘அழிந்தது’.

அப்புறம் வெறும் கறுப்பு.

“அய்யோ தேவ்ரே, கடவுளே!”ன்னு நான் ஸ்விட்சுக்குப் பாய்ஞ்சேன். அக்கா என் கையைப் பிடிச்சுட்டாங்க. “வேண்டாங்கண்ணு, இன்னும் எதாச்சும் ஆயிரும்.”

அப்பதான் சாமி உள்ள வந்தார்.

நானா இருந்தா ‘கரண்ட் போச்சு, நாளைக்கு வாங்க’ன்னு சொல்லியிருப்பேன். அக்கா நேரா அவர் முன்னாடி போய் நின்னாங்க.

“சாமி, உங்க புஸ்தகம் போச்சுங்க. நான் கேம் விளையாடி அழிச்சுப் போட்டேன்.”

அவர் தடவித் தடவி நாற்காலில உட்கார்ந்தார்.

“இன்னொரு மெஷின் இருக்கோல்லியோ?”ன்னு கேட்டார். “இருக்குங்க.” “அப்போ உட்காரு. முன்னுரைலேருந்து ஆரம்பிக்கலாம்.”

அக்கா என் சீட்ல உட்கார்ந்தாங்க. கண்ணுல தண்ணி வழியுது, சாமி சொல்லச் சொல்ல விரல் ஓடுது.

“எங்காத்துல பேசற தமிழைக் கேட்டா எங்க பேரக் குழந்தைகள் சிரிக்கறதுகள். சிரிக்கறதுக்காவது இது இருக்கட்டும்னு சொல்றேன்...”

பின்னாடி அந்தக் கறுப்பு ஸ்க்ரீன்லேருந்து ‘டிங் டிங்’னு ஒரு ட்யூன்!

நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். ‘சும்மா சொன்னேன். எதுவும் அழியல. அவனைத் தூங்க விட்டதுக்கு நன்றி.’ காவல்காரன் எழுந்து கை ஆட்டறான்.

அகராதி ஃபைலைத் திறந்தேன். இருந்துச்சு. முந்தின நாள் அவர் கடைசியாச் சொன்ன வார்த்தை வரைக்கும் இருந்துச்சு.

அக்கா தரையில உட்கார்ந்துட்டாங்க. சிரிக்கறாங்களா அழறாங்களான்னே தெரியல. நானும்தான்.

என்ன நடந்ததுன்னு நான் சொல்லச் சொல்ல சாமி வயித்தைப் பிடிச்சுண்டு சிரிச்சார். அப்புறம் பழைய முன்னுரையைப் படிக்கச் சொல்லிக் கேட்டார். “இது வேண்டாம். இப்போ சொன்னதுதான் நன்னா இருக்கு. அதையே வை.”

மறுநாள் அக்கா அந்த கேமைத் தன் கையாலேயே டிலீட் பண்ணினாங்க. “நல்ல கேமுதான். ஆனா நெஞ்சு தாங்காது கண்ணு.”

அதுக்கப்புறம் அவங்க காப்பி எடுத்த கதை இருக்கே... ஒண்ணு ஆபீஸ்ல, ஒண்ணு டிபன் பையில, ஒண்ணு வீட்டு சாமி மாடத்துல. அந்த ஃப்ளாப்பிக்கும் சேர்த்துக் குங்குமம் வெச்சிருந்தாங்க!

புஸ்தகம் வந்த அன்னிக்கு சாமி மேல்கோட்டைலேருந்து ஒரு தூக்கு நிறைய புளியோதரையோட வந்து இறங்கினார். முதல் காப்பி அக்கா கையில. அக்கா அதை மோந்து பார்த்தாங்க.

நான் வேற வேலைக்குப் போன அப்புறமும் உகாதிக்கு உகாதி போன் வரும். “சாப்டியா கண்ணு?”தான் முதல் கேள்வி. போன ஞாயித்துக்கிழமை போயிருந்தப்ப அவங்களால நாற்காலியை விட்டு எழுந்திரிக்க முடியல. அப்பவும் கேட்டாங்க.

மத்தியானம் உங்களைக் கௌதள்ளிக்குக் கொண்டு போறாங்க அக்கா. வேன்ல உங்க பக்கத்துல எனக்கும் இடம் இருக்குன்னு உங்க மக சொன்னா.

கிளம்பிட்டேன் அக்கா. ஊர் வரைக்கும் கூட வர்றேன்.