கரிமூட்டத்தில் முட்டையிட்ட ஈ

காற்று நிற்பதற்காக அன்று மூன்று பேர் காத்திருந்தோம். அப்பாவும் அம்மாவும் மூட்டத்துக்குத் தீ வைக்க. நான் ஒரு ஈயைப் பார்க்க.

திருச்சுழிப் பக்கம் சீமைக்கருவேலங்காட்டைக் குத்தகைக்கு எடுத்து, வெட்டிக் கரி போடுவது எங்கள் வீட்டுத் தொழில். விறகை நெருக்கி நிறுத்தி, காய்ந்த சருகுச் செத்தையைப் பரப்பி, அதன்மேல் ஈரமண் பூசி மூடினால் மூட்டம் தயார். உள்ளே விறகு எரியக் கூடாது, வேக வேண்டும். மண்பூச்சில் ஒரு விரல் நுழையும் ஓட்டை விழுந்தால் போதும், காற்று புகுந்து கரி சாம்பலாகிவிடும். ஆடி மாதம் வேறு. காற்று ஓயும் நேரம் பார்த்துத்தான் தீ வைக்க முடியும்.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். இப்போது முதுகலை விலங்கியல் படிக்கிறேன். அதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சமில்லை.

ஆய்வுக்கு நான் எடுத்தது கொள்ளைக்கார ஈ. சாம்பல் நிறம், கூன் முதுகு, முள் முளைத்த கால்கள், முகத்தில் விறைத்த தாடி. பிடிபட்ட பூச்சி உதறும்போது அதன் கண்ணைக் காப்பது அந்தத் தாடிதான். சூடேறிய தரையில் அசையாமல் உட்கார்ந்திருக்கும், தலை மட்டும் திரும்பும். தேனீயோ குளவியோ கடந்தால் பறந்து போய் நடுவானில் கவ்வி, கழுத்தில் ஊசி வாயை இறக்கும். எச்சில் பட்டதும் இரையின் உள்ளுடம்பு கூழாகிவிடும். உறிஞ்சி முடித்து, வெறுங்கூட்டை உதிர்த்துவிட்டு, புறப்பட்ட இடத்துக்கே திரும்பும்.

இதையெல்லாம் படம் எடுத்துக் கொடுத்துவிட்டேன். என் பேராசிரியர் திருப்திப்படவில்லை. "வேட்டையத்தான் எல்லாரும் எடுத்துட்டு வர்றாங்க. திங்கட்கிழமை முட்டையோட வா. இல்லைன்னா வேற தலைப்பு பாத்துக்க" என்றார்.

அன்று சனிக்கிழமை.

இந்த ஈக்கு நிழல் ஆகாது. வெயில் விழும், புல்லில்லாத, பொலபொலப்பான மண் வேண்டும். கருவேலங்காட்டுக்குள் அப்படிப்பட்ட இடம் மூட்டம் போடும் கருந்தரை ஒன்றுதான். அங்கேதான் நான் அதை முதலில் பார்த்ததும். ஆனால் காற்றடித்தால் முட்டையிட வராது. காற்று நின்றாலோ அப்பா தீ வைத்துவிடுவார்; புகையில் ஈ அண்டாது.

உச்சிப்பொழுது தாண்டியதும் கருவேல இலைகள் அசைவற்று நின்றன. அப்பா பழைய இரும்புச் சட்டியில் தீக்கங்குகளை அள்ளிக்கொண்டு வந்தார்.

"தள்ளிக்க தாயி. தீ வைக்கப் போறேன்."

"கொஞ்சம் பொறுங்கப்பா. இப்பத்தான் அது வரும்."

"காலேசுல ஈ ஓட்டுறது பத்தாதுன்னு இங்கயும் வந்து ஓட்டுறாளாக்கும்" என்றாள் அம்மா, மண் குழைத்த கையோடு. "காத்து ஒன் ஈயக் கேட்டா வரும்?"

அதற்குள் ஈ வந்துவிட்டது.

தரையில் உட்காரும் என்று நினைத்திருந்தேன். அது மூட்டத்தின் மேற்குத் தோளில் போய் உட்கார்ந்தது. காலையில் பூசிய மண் அங்கே வெயிலில் உலர்ந்து பொருக்கு விட்டிருந்தது. வாலை வளைத்து மண்ணுக்குள் இறக்கியது. தீ வைத்தால் அந்த மண் வெந்துவிடும், முட்டையும் சேர்ந்து.

"அப்பா, அது முட்டை வைக்குது. அந்த மண்ணு எனக்கு வேணும்."

"மூட்டத்து மேலயா?" அப்பாவின் குரல் மாறியது. "தோண்டுனா என்ன ஆகும்னு தெரியுமில்ல?"

"தெரியும்."

தொலைவில், கண்மாய்ப் பக்கம், கருவேல உச்சிகளில் இரைச்சல் எழுந்தது. காற்று திரும்பிக்கொண்டிருந்தது. அப்பா சட்டியைக் கீழே வைக்கவுமில்லை, முன்னால் வரவுமில்லை. ஈ வாலை உருவி, அதன் நுனியாலேயே மண்ணை இப்படியும் அப்படியும் தள்ளிக் குழியை மூடியது. எனக்கு அதைக் கையால் விரட்ட வேண்டும்போல இருந்தது.

"இன்னும் முடியலயா அதுக்கு?" என்றார் அப்பா.

ஈ பறந்தது. நான் தாவிப்போய்க் கரண்டியால் மண்ணை வழித்து டப்பாவில் போட்டேன். அடியில் செத்தை தெரிந்தது. அம்மா என்னை இடித்துத் தள்ளிவிட்டு, இரு கை ஈரமண்ணை அந்த இடத்தில் அறைந்தாள். தீ வைப்பதற்கென்று விட்டிருந்த உச்சித் துவாரத்தில் அப்பா கங்குகளைக் கொட்டினார். முதல் புகை எழுந்தபோதே காற்று வந்துவிட்டது.

ஒட்டுப்போட்ட இடம் ஒட்டவில்லை. காய்ந்து பிளந்து, அதன் வழியாக நீலப்புகை கசிந்தது. வெள்ளைப்புகை என்றால் விறகு வேகிறது. நீலம் என்றால் எரிகிறது. பொழுது சாயும்வரை நாங்கள் மூவரும் மாறி மாறி மண் குழைத்து அப்பினோம். யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் இலேசாக இருந்திருக்கும்.

மறுநாள் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு கல்லூரி இருக்கும் அருப்புக்கோட்டைக்குப் பஸ் ஏறினேன். மண்ணை டீ வடிகட்டியில் சலித்ததும், அரிசி நொய்யைவிடச் சிறிதாக வெள்ளை முட்டைகள் தெரிந்தன. திங்கட்கிழமை பேராசிரியர் அவற்றை உருப்பெருக்கியில் பார்த்துவிட்டு, எங்கே கிடைத்தது என்று கேட்டார். "எங்க கரிமூட்டத்துல" என்றேன், வகுப்பு முழுவதும் கேட்கும்படி. தலைப்பு என்னோடேயே இருந்தது. ஆனாலும் மூட்டம் பிரிக்கும்வரை எனக்குச் சோறு இறங்கவில்லை.

அந்த வாரக் கடைசியில் அம்மா போனில் கூப்பிட்டாள்.

"மூட்டம் பிரிச்சாச்சு."

"கரி எப்படிம்மா இருக்கு?"

"இருக்கு, இருக்கு. மேக்கு ஓரத்துல மட்டும் ஒரு கூடை சாம்பலாப் போச்சு. ஒன் ஈ தின்னது அம்புட்டுத்தான்." அதே மூச்சில் கேட்டாள், "அது குஞ்சு பொரிச்சிருச்சா?"

அன்று காலையில்தான் நூலிழைபோல ஒரு புழு வெளியே வந்து, என் கண்முன்னாலேயே மண்ணுக்குள் இறங்கியிருந்தது. இனி மண்ணுக்கடியில் வண்டுப் புழுக்களைத் தின்று வளரும்.

"ஒண்ணு பொரிச்சிருக்கும்மா."

"ஒரு கூடை கரிக்கு ஒண்ணுதானா?" என்றாள். பிறகு பின்பக்கம் திரும்பி, "ஏங்க, பொரிச்சிருச்சாம்" என்று அப்பாவிடம் சத்தமாகச் சொல்வது கேட்டது.