நண்டுப் பையும் ஜெபித்த புத்தகமும்

சபையாரே, இதை எழுதும்போது இன்றும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன். என் தேவன் செய்ததை மறைக்க எனக்கு மனமில்லை.

நான் எட்டாவது வரைதான் படித்தேன். எங்களுக்குக் கும்மிடிப்பூண்டி. வீட்டுக்காரருக்கு இரும்பு உருக்கும் கம்பெனியில் வேலை. ஒரே மகள் சுகந்தி.

2006-ல் ஒரு பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர் வேலைக்கு அவளைத் தேர்வு செய்தார்கள். சபையில் எல்லாருக்கும் இனிப்பு கொடுத்தோம். அடுத்த மாதமே ஒரு கடிதம். வேதியியல் படித்தவர்தான் வேண்டுமாம். இவள் படித்தது பயன்பாட்டு வேதியியலாம். இரண்டும் சமமில்லையாம். தேர்வு ரத்து. அந்தப் பட்டத்தைக் கொடுத்ததே அதே பல்கலைக்கழகம்தான்!

"பேர்ல ஒரு வார்த்த ஜாஸ்தியா கீதுன்னு வேல இல்லியா? இன்னா படிச்சவங்க இவங்க?" என்று வீட்டுக்காரர் கத்தினார். சுகந்தி இரண்டு நாள் சாப்பிடவில்லை.

உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டோம். அவள் படித்த வருடத்துப் பாடத்திட்டம் கிடைத்தால், பாடங்கள் ஒன்றுதான் என்று காட்டிவிடலாம் என்றார் வக்கீல். கல்லூரியில் பழையது இல்லை. பல்கலைக்கழக அலுவலகத்தில் ஒரு பிரதி இருக்கும் என்றார்கள். போனேன்.

அங்கே இருந்த குமாஸ்தா என்னைப் பார்த்துச் சிரித்தார். "கும்மிடிப்பூண்டியா? பக்கத்துலதான் பழவேற்காடு. நண்டு சூப்பரா கெடைக்குமே!"

எனக்குப் புரிந்தது. ஈரச் சாக்கில் நண்டைச் சுற்றி, பையில் வைத்து, மின்சார ரயிலில் தூக்கிப் போனேன். ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. மூன்றாம் தடவை அவர் சொன்னார்: "நண்டு ஏ-ஒன்னும்மா. ஃபைலுதான் கெடைக்கல. தேடிக்கினேகீறோம்."

வீட்டுக்கு வந்ததும் சுகந்தி மூக்கைப் பிடித்தாள். "யம்மா, உன் கைல இன்னா கவுச்சி?"

சொன்னேன்.

"நீ நண்டு தூக்கினு போய் நிக்கறதுக்கா நான் படிச்சேன்? ச்சீ!"

சோப்பு போட்டுக் கழுவினேன். புளி போட்டுத் தேய்த்தேன். நாற்றம் போகவில்லை. அந்த ஆளை நினைத்தால் அருவருப்பு. என்னை நினைத்தால் அதைவிட அருவருப்பு. மூன்று தடவை அவன் மேஜை முன்னால் கைகட்டி நின்றேனே, தேவனுக்கு முன்னால் ஒரு தடவையாவது அப்படி நின்றேனா?

முழங்கால் போட்டேன். "அப்பா, இந்த நாத்தம் புடிச்ச கையைத்தான் உம்மகிட்ட நீட்டறேன். என்கிட்ட வேற ஒண்ணும் இல்ல." அழுதேன்.

எழுந்து, பெட்டியின் அடியிலிருந்து எங்கள் கல்யாண வேதாகமத்தை எடுத்தேன். அதன் கீழே துணியில் சுற்றிய, அட்டை கிழிந்துபோன ஒரு புத்தகம்.

எங்கள் சபையில் படிக்கப்போகும் பிள்ளைகளின் பாடப் புத்தகத்தின்மேல் போதகர் கைவைத்து ஜெபிப்பார். சுகந்தி மேற்படிப்பில் சேர்ந்தபோது, கல்லூரி பெயர் போட்ட ஒரு இங்கிலீஷ் புத்தகத்தை எடுத்துப் போனேன். "யம்மா, இது பாட புக்கு இல்ல. இன்னா இன்னா பாடம்னு போட்டுகீற லிஸ்ட்டு! இதுக்கா ஜெபம்?" என்று அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். ஜெபித்த புத்தகத்தைப் பழைய பேப்பர்காரனுக்குப் போட மனம் வராமல் சுற்றி வைத்தேன். பிறகு எல்லாருமே மறந்துவிட்டோம். வக்கீல் கேட்ட பாடத்திட்டம் அதுதான்; அவரிடம் கொண்டுபோய்க் கொடுத்தோம்.

கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல், "அட்டையே இல்லையே, இது எந்த வருடத்துப் புத்தகம்?" என்று கேட்டார். முதல் பக்கத்தில் போதகர் அவள் பெயர் எழுதி, தேதி போட்டு, சபை முத்திரை வைத்திருந்தார். கல்லூரி முதல்வரும் பழைய வினாத்தாள்களோடு ஒப்பிட்டு, அந்த வருடத்துப் புத்தகம்தான் என்று கையெழுத்துப் போட்டார். பாடங்கள் சமம், வேலை கொடுங்கள் என்று நீதிபதி உத்தரவிட்டார்.

சுகந்தி வேலையில் சேர்ந்த நாளில், அவளோடு போன என்னைப் பார்த்து அந்தக் குமாஸ்தா இளித்தார். "இன்னாம்மா, இன்னிக்கி நண்டு வரலியா?"

"இல்ல சார். இனிமே வராது."

அதன்பிறகு எந்த ஆபீசுக்கும் நான் பை தூக்கிப் போனதில்லை. காரியம் நடக்க ஏதாவது ஒரு பையைத் தூக்கிக்கொண்டு அலைகிற சகோதர சகோதரிகளே, அதைக் கீழே வையுங்கள். வெறும் கையைத் தேவனிடம் நீட்டுங்கள். அது நாறினாலும் அவர் பிடிப்பார். என் கையைப் பிடித்தார்.